கம்பத்துக்குக் காசுண்டு, கைகளுக்கு?



1988ஆம் ஆண்டில் கடல்மீது இரண்டு பாலங்கள் திறக்கப்பட்டன. ஒன்று ஜப்பானில், ஏப்ரல் 10ஆம் நாள். செட்டோ உள்கடலைத் தாண்டி, ஹொன்ஷு தீவையும் ஷிகோகு தீவையும் இணைத்திட்ட பாலம். மற்றொன்று நம்முடைய பாம்பனில், அக்டோபர் 2ஆம் நாள். மண்டபத்துக் கரையையும் இராமேசுவரம் தீவையும் சேர்த்துவைத்த சாலைப் பாலம். அங்கே ஒன்பதரை ஆண்டு வேலை. இங்கே 1974இல் அடிக்கல் நாட்டி, 14 ஆண்டு வேலை. அங்கேயும் விழா, இங்கேயும் விழா. நாடு முன்னேறுகிறது என்றனர் அங்கேயும் இங்கேயும். பொய்யில்லை, முன்னேறத்தான் செய்தது.

வேறுபாடு எதிலே? நீளத்திலா, அகலத்திலா, செலவிட்ட பணத்திலா? அவற்றிலும் உண்டு. நான் கூறவந்த வேறுபாடு பாலத்திலே இல்லை. பாலம் வருமுன் அந்த நீரிலே ஓடிக்கொண்டிருந்த படகிலே இருக்கிறது! படகை ஓட்டியவன், கயிறு பிடித்தவன், பயணச்சீட்டுக் கிழித்தவன், துறையிலே மூட்டை சுமந்தவன், அவனுக்குத் தேநீர் விற்றவன். பாலம் திறந்த மறுநாள் இவன் எங்கே போவான் என்று ஒரு நாடு கேட்டது. மற்றொரு நாடு கேட்கவில்லை.

ஜப்பான்காரன் கேட்டதற்குக் கதை உண்டு. ஊனோ துறைக்கும் தகமட்சு துறைக்கும் நடுவே 1910 முதல் ரயில்வேயின் படகுக்கப்பல் ஓடியது. 1955 மே 11ஆம் நாள், மூடுபனியிலே, ஷியுன் மாரு என்ற கப்பல் இன்னொரு கப்பலோடு மோதி மூழ்கிற்று. 168 உயிர்கள் போயின. பள்ளிச் சுற்றுலா வந்த பிள்ளைகள் அதிலே ஏராளம். பாலம் வேண்டும் என்ற குரல் அன்று ஓங்கியது. யார் மறுப்பார்? பிள்ளைகளைக் கடலுக்குக் கொடுத்த ஊரிலே நின்று, ‘என் வேலை போய்விடும், பாலம் கட்டாதே’ என்று எந்த மாலுமி கூறுவான்? கூறத்தான் மனம் வருமா?

ஆனால், கூறமுடியாதவன் என்பதாலேயே அவனை மறந்துவிடலாம் என்று அந்த நாட்டுச் சட்டமன்றம் முடிவுகட்டவில்லை. பாலம் திறப்பதற்கு ஏழு ஆண்டுகள் முன்னதாக, 1981இல், தனிச் சட்டமே இயற்றினர். பாலத்தால் தொழிலை மூடவோ சுருக்கவோ நேரிடும் படகுக் கம்பெனிக்கு உதவித்தொகை. அதோடு நின்றதா? இல்லை! வேலை இழக்கும் தொழிலாளிக்கு, வேலை தேடுவோன் என்பதற்கு அத்தாட்சியாக ஒரு கைப்புத்தகம். அதைக் காட்டினால் புதுத்தொழிற் பயிற்சி, வேலை கிடைக்கும்வரை பணஉதவி. முதலாளியின் கப்பலுக்கு ஒரு கணக்கு, தொழிலாளியின் வயிற்றுக்கு ஒரு கணக்கு, இரண்டும் வேறு வேறு கணக்கு. இதைக் கவனியுங்கள் தோழர்களே, பிறகு இதற்கு வருகிறேன்.

ஜப்பானைச் சொர்க்கம் என்று நான் கூறவரவில்லை. பாலத்திலே வாங்கிய சுங்கம் மிக அதிகம். அதனாலே தனியார் படகுகள் அந்தத் துறையிலே 2019 வரை தட்டுத்தடுமாறி ஓடின, பிறகு அவையும் நின்றன. முதலாளி நாடுதான் அது. எனினும், முதலாளி நாடே செய்த ஒன்றை, சமதர்மம் பேசிய நாம் செய்யவில்லையே என்பதுதான் என் வருத்தம்.

பாம்பனுக்கு வருவோம். 1988இல் நம் கையிலே இருந்த சட்டம் எது? 1894ஆம் ஆண்டு வெள்ளைக்காரன் எழுதிவைத்த நில எடுப்புச் சட்டம்! அந்தச் சட்டத்துக்குக் கண் ஒன்றுதான், அந்தக் கண்ணுக்கு நிலம் ஒன்றுதான் தெரியும். நிலத்திலே உரிமை உடையவன் ‘சம்பந்தப்பட்டவன்’. நிலமில்லாதவன்? சம்பந்தமே இல்லாதவன்! தோணி விட்டவனுக்கு நிலம் ஏது? அவன் உழுதது கடலை. கடலுக்குப் பட்டா கொடுத்த தாசில்தார் உண்டா?

119 ஆண்டுகள் உயிரோடிருந்த அந்தச் சட்டத்தை 2013இல்தான் மாற்றினர். புதுச் சட்டத்தைப் பள்ளி இறுதி வகுப்போடு நின்றுவிட்ட நான், அகராதியைப் பக்கத்திலே வைத்துக்கொண்டு இரண்டு இரவு படித்தேன். படித்தபோது மெய்யாகவே மகிழ்ந்தேன் என்பதை மறைக்கமாட்டேன். ‘பாதிக்கப்பட்ட குடும்பம்’ என்பதற்கு விளக்கம் எழுதியிருக்கிறார்கள். நிலமில்லாத விவசாயக் கூலி இருக்கிறான், குத்தகைக்காரன் இருக்கிறான், வாரக்காரன் இருக்கிறான், கைவினைஞன் இருக்கிறான், அந்த வட்டாரத்திலே மூன்று ஆண்டு வேலை செய்தவன் இருக்கிறான். இன்னும் கீழே படித்தால், மீனவன்! அவனுக்கு அடுத்த சொல், படகோட்டி! ஆம், பாம்பன் பாலம் திறந்து 25 ஆண்டு கழித்துப் படகோட்டிக்குச் சட்டப் புத்தகத்திலே ஓர் இடம் கிடைத்தது.

இடம் கிடைத்தது, இலை போட்டார்களா? அங்கேதான் சூட்சுமம். பிழைப்பு பாதிக்கப்பட்டால் மட்டும் போதாது, நிலம் எடுத்ததனால் பாதிக்கப்பட்டிருக்கவேண்டும் என்கிறது சட்டம். கடல்மீது பாலம் போட யாருடைய நிலத்தை எடுக்கிறார்கள்? இரு கரையிலும் கொஞ்சம், அதுவும் பெரும்பாலும் சர்க்கார் புறம்போக்கு. ஆக, பாலத்தால் பிழைப்பை இழந்த படகோட்டிக்கு, படகோட்டி என்று பெயர் சொல்லி அழைத்த சட்டத்திலேயே பந்தியிலே இடமில்லை!

புறவழிச்சாலை கதையும் இதுதான். ஊருக்கு வெளியே, யாரோ ஒருவருடைய வயலை எடுத்துச் சாலை போடுகிறார்கள். வயற்காரருக்குப் பணம் வருகிறது. பழைய சாலையிலே, பேருந்து நின்ற இடத்திலே இருந்த உணவுக்கடை மூடுகிறது. இலை எடுத்தவன், மாவாட்டியவன், பரோட்டாக் கல்லின் முன்னே பதினைந்து ஆண்டு வெந்தவன் வீட்டுக்குப் போகிறான். அவன் நின்ற மண்ணை யாரும் எடுக்கவில்லையே! ஆகவே அவன் எதையும் இழக்கவில்லை, சட்டத்தின் கண்ணுக்கு. 2022இல் பத்மா ஆற்றின்மீது பாலம் திறந்து வங்காளதேசத்தார் பெருமைப்பட்டபோது, படகுத்துறையிலே கடலை விற்றவனும் விசைப்படகிலே வேலை பார்த்தவனும் பார்த்துக்கொண்டு நின்றதும் இதே நிலைதான்.

சரி, நிலம் எடுக்கப்பட்ட இடத்திலேயே வேலை செய்தவன் கதி என்ன? அவனுக்காவது விடிந்ததா?

ஒரு அரிசி ஆலை என்று வைத்துக்கொள்வோம். சாலை ஓரம். 9 பேர் வேலை. அதிலே ஒருவன் பன்னிரண்டு ஆண்டாக உமிக்கும் தவிட்டுக்கும் நடுவே மூச்சு வாங்கியவன். மாதம் 15,000 ரூபாய் சம்பளம். சாலையை அகலப்படுத்த ஆலை போகிறது. ஆலைக்காரருக்கு என்ன கிடைக்கும்? நிலத்தின் சந்தை மதிப்பு. கிராமமானால் அதை இரண்டு மடங்குவரை பெருக்கிக்கொள்ளச் சட்டம் இடம் தருகிறது. கட்டடத்துக்குத் தனி மதிப்பு. எல்லாம் கூட்டி வந்த தொகைக்கு மேலே, நூற்றுக்கு நூறு இன்னொரு பங்கு. அதற்குப் பெயர் ஆறுதல் தொகை! நான் பொறாமைப்படவில்லை. பாட்டன் கட்டிய ஆலை போகிறது, ஆறுதல் வேண்டியதுதான். ஆனால், அந்த ஆலையிலே இழப்பு ஒருவருக்குத்தானா நேர்ந்தது? ஆறுதல் தேவைப்படும் நெஞ்சு ஒன்றுதானா?

நம்முடைய தோழன் அலுவலகத்துக்குப் போகிறான். காட்சியைப் பாருங்கள்.

“ஐயா, ஆலையை எடுத்துட்டாங்க. எனக்கு எதாச்சும் உண்டுங்களா?”

“உன் பேரிலே பட்டா இருக்கா?”

“இல்லீங்க ஐயா. நான் வேலைக்காரன்.”

“மூணு வருஷம் அங்கே வேலை செய்தேன்னு காட்ட என்ன இருக்கு? பி.எஃப். சீட்டு?”

“அதெல்லாம் பிடிக்கலீங்க. ஒம்போது பேருக்கு அது கிடையாதுன்னு மொதலாளி சொன்னாருங்க.”

“ஈ.எஸ்.ஐ. அட்டை?”

“அதுவும் இல்லீங்க.”

“சம்பளச் சீட்டு?”

“கையிலே கொடுப்பாருங்க. நோட்டிலே அவரு எழுதிக்குவாரு.”

“அப்போ நோட்டைக் கொண்டா.”

நோட்டு எங்கே? ஆலைக்காரரிடம். ஆலைக்காரர் எங்கே? பணத்தை வாங்கிக்கொண்டு கோயம்புத்தூரிலே மகன் வீட்டிலே. குமாஸ்தாவைத் திட்டாதீர்கள் தோழர்களே, அவர் கெட்டவர் அல்ல. முதலாளி பொய் சொன்னார் என்றும் கூறமாட்டேன். 20 பேர் இருந்தால்தான் பி.எஃப்., 10 பேர் இருந்தால்தான் ஈ.எஸ்.ஐ. என்பது சட்டம். ஒரு சட்டம் ‘உனக்குச் சீட்டு வேண்டியதில்லை’ என்கிறது. மறு சட்டம் ‘சீட்டு எங்கே?’ என்கிறது. இரண்டுக்கும் நடுவிலே, உமி ஒட்டிய சட்டையோடு நம் தோழன்.

சீட்டு இருந்திருந்தால்? இரண்டாம் அட்டவணையைப் புரட்டினேன். கட்டப்படும் திட்டத்திலே வேலை உண்டாகுமானால் குடும்பத்துக்கு ஒருவருக்கு வேலை; அல்லது ஒரே தடவையாக 5 இலட்சம் ரூபாய்; அல்லது மாதம் 2,000 ரூபாய் வீதம் 20 ஆண்டு, விலைவாசிக் குறியீட்டையொட்டி உயர்த்தி. கிடைத்தால் நல்லதுதான். ஆனால் 2013இல் சட்டத்திலே எழுதிய 5 இலட்சம் அப்படியே 5 இலட்சமாக நிற்கிறது. அன்று அரிசி விற்ற விலையிலா இன்று விற்கிறது? மாதம் 2,000 என்பதற்குக் குறியீடு உண்டு, மொத்தத் தொகைக்கு இல்லை. அவசரத்துக்குக் கை நீட்டுகிற ஏழைக்குத்தான் மொத்தத் தொகை தேவைப்படும் என்பதை எழுதியவர்கள் எண்ணினார்களோ இல்லையோ!

‘நில எடுப்புச் சட்டம் கிடக்கட்டும், தொழிற்சட்டம் இல்லையா?’ என்று சங்கத் தோழர்கள் கேட்பார்கள். உண்டு. அது பிறந்ததே ஒரு வழக்கிலே தோற்றதால்! மராட்டியத்திலே பார்சி என்ற இடத்தின் பெயரால் சிறிய ரயில் கம்பெனி ஒன்று இருந்தது. 1954 ஜனவரி முதல் நாள் மத்திய சர்க்கார் அதை எடுத்துக்கொண்டது. கம்பெனி, தொழிலாளருக்குக் கணக்குத் தீர்த்துவிட்டது. ஆட்குறைப்புக்கு உரிய நஷ்டஈடு எங்கே என்று தொழிலாளர் கேட்டனர். 1956இல் உச்சநீதிமன்றம் கூறியது: ஆலை நடக்கும்போது ஆளைக் குறைத்தால்தான் ஆட்குறைப்பு, ஆலையே கைமாறினாலும் மூடினாலும் அது ஆட்குறைப்பு ஆகாது! பத்துப் பேரை நீக்கினால் பணம் கொடு. எல்லாரையும் நீக்கினால் ஒன்றும் வேண்டாம்! நாடு முழுவதும் கொதித்தது, 1957இல் சட்டத்தைத் திருத்தினர். மூடினாலும் ஆண்டுக்குப் 15 நாள் சம்பளம் தரவேண்டும் என்றாயிற்று. 2025 நவம்பரில் நடைமுறைக்கு வந்த தொழிலுறவுத் தொகுப்பிலும் அந்த ஏற்பாடு இருக்கிறது.

நம் ஆலைத் தோழனுக்குக் கணக்குப் போடுவோம். பன்னிரண்டு ஆண்டு, ஆண்டுக்கு அரை மாதம், ஆக ஆறு மாதச் சம்பளம், 90,000 ரூபாய். ஆனால், ஒரு வால் இருக்கிறது அந்தப் பிரிவுக்கு. முதலாளியின் சக்திக்கு மீறிய, தவிர்க்கமுடியாத காரணத்தால் மூடினால், மூன்று மாதச் சம்பளத்துக்கு மேல் தரவேண்டியதில்லை. ‘சர்க்கார் எடுத்துக்கொண்டது, நான் என்ன செய்வேன்?’ என்று ஆலைக்காரர் கைவிரித்தால்? 45,000! வழக்காடலாம். வழக்காடுகிற காலத்திலே அடுப்பு எரியவேண்டுமே!

இன்னொரு வால் இருக்கிறது, அதைப் படித்தபோது சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. பாலம், சாலை, கால்வாய், அணை கட்டுவதற்கென்றே அமைத்த நிறுவனம், அமைத்த நாளிலிருந்து இரண்டு ஆண்டுக்குள் வேலை முடிந்து மூடினால், அதிலே வேலை செய்தவனுக்கு நஷ்டஈடே இல்லை. பாலம் வந்ததால் படகோட்டிக்கு வேலை போயிற்று. பாலம் முடிந்ததால் கொத்தனாருக்கும் சித்தாளுக்கும் வேலை போயிற்று. இருவருக்கும் ஒரே பதில்.

இனி எதிர்க்கட்சிக்காரர் அல்ல, நம்மவரே கேட்கிற கேள்விக்கு வருகிறேன். ‘எதற்குத்தான் முடிவு? ரயில் வந்தபோது வண்டிக்காரன் போனான், மின்விளக்கு வந்தபோது விளக்கேற்றுகிறவன் போனான். எல்லாருக்கும் கொடுப்பதென்றால் நாடு எதைத்தான் கட்டும்?’ நியாயமான கேள்வி. பதிலைத் தேடி நான் நெடுந்தூரம் போகவில்லை. சாலை மதிப்பீட்டிலேயே கிடைத்தது. ஒரு சாலையை அகலப்படுத்துமுன் மதிப்பீட்டிலே ஒரு தலைப்பு வைக்கிறார்கள். வழியிலே நிற்கும் மின்கம்பத்தைப் பிடுங்கி வேறிடத்தில் நட இவ்வளவு. குடிநீர்க் குழாயை மாற்றிப் புதைக்க இவ்வளவு. தொலைபேசிக் கம்பிக்கு இவ்வளவு! கம்பம் வழியிலே நின்றது கம்பத்தின் குற்றமல்ல, ஆகவே அதைப் பத்திரமாக வேறிடத்தில் நிறுத்துவது திட்டத்தின் செலவு. அறிவுடைமை! அந்தக் கம்பத்தடியிலே நின்று பிழைத்தவனைப் பத்திரமாக வேறிடத்தில் நிறுத்துவது மட்டும் யார் செலவு?

வண்டிக்காரனை வீழ்த்தியது காலம் என்கிறீர்கள், இருக்கட்டும். ஆனால், பாலத்தைக் காலம் கட்டவில்லை. தேதி குறித்து, வரைபடம் போட்டு, ஒப்பந்தம் விட்டு சர்க்கார் கட்டுகிறது. யார் வேலை போகும் என்று கட்டுகிற நாளிலேயே தெரியும். தெரிந்து செய்கிற காரியத்துக்குத்தான் நான் கணக்குக் கேட்கிறேன்.

பணத்துக்கு வழி? கட்டுமானச் செலவிலே நூற்றுக்கு ஒரு பங்கை, கட்டடத் தொழிலாளர் நலனுக்கென்று தீர்வையாக வாங்குகிறோம். கட்டுகிறவனுக்காக ஒன்று வாங்க முடிந்தபோது, கட்டுவதால் வீழ்கிறவனுக்காக அரை வாங்க முடியாதா? 2025 ஏப்ரலில் திறந்த பாம்பன் புது ரயில் பாலம் ஏறத்தாழ 550 கோடி ரூபாய் வேலை. நூற்றுக்கு அரை என்றால் இரண்டேமுக்கால் கோடி. பாலத்தின் அழகு ஒரு துளியும் குறையாது. அந்தத் தொகை திறப்பு விழாவுக்கு முன்னதாகவே பட்டுவாடா ஆகவேண்டும். நிலம் எடுத்தார்களா இல்லையா என்று பாராமல், பிழைப்புப் போயிற்றா என்று மட்டும் பார்த்துத் தரவேண்டும். ஆலைக்காரர் கையிலே கொடுத்து ‘உன் ஆளுக்கு நீ பார்த்துக்கொள்’ என்று விட்டுவிடக்கூடாது. முன்னே சொன்னேனே, இரண்டு கணக்கு என்று, அது இதற்காகத்தான்!

சென்னையிலே பூமிக்கடியிலே துளைத்து மெட்ரோ ரயில் விடுகிறார்களே, அதற்குக் கடன் கொடுப்போரிலே ஜைக்கா என்ற ஜப்பான் சர்க்கார் நிறுவனமும் ஒன்று. ஜப்பானிடம் கடன் வாங்கினோம், பொறிநுட்பம் கற்றோம். மாலுமிக்குக் கைப்புத்தகம் கொடுத்த பழக்கத்தை மட்டும் சுங்கச்சாவடியிலேயே நிறுத்திவிட்டோம் போலும்!

மத்திய சர்க்காரை மட்டும் குறைகூறிவிட்டு நான் எழுந்துபோனால் அது நேர்மையாகாது. 2013ஆம் ஆண்டுச் சட்டத்திலிருந்து தேசிய நெடுஞ்சாலை முதலான 13 சட்டங்களை டில்லி விலக்கி வைத்தது. நஷ்டஈட்டையும் மறுவாழ்வையும் 2015இல்தான் அவற்றுக்கு நீட்டியது. அதைப் பார்த்து நம் கோட்டையும் நெடுஞ்சாலைச் சட்டம், தொழில் நோக்கத்துக்கான நில எடுப்புச் சட்டம் உட்பட மூன்றை விலக்கிக்கொண்டது. 2019இல் உயர்நீதிமன்றம் அவை செல்லா என்றது. அதே ஆண்டு சட்டமன்றம் அவற்றுக்கு மீண்டும் உயிர் கொடுத்தது. 2021இல் உச்சநீதிமன்றம் சரி என்றது. சட்டப்படி சரி. ஆனால், விளைவு என்ன? திட்டம் வருமுன் ஊரைக் கூட்டி, யார் யார் பிழைப்புப் போகும் என்று கேட்டு எழுதும் சமூகத் தாக்க மதிப்பீடு இந்தச் சட்டங்களின்கீழ் கட்டாயமில்லை. 2022இல் பரந்தூர் விமான நிலையத்தை அறிவித்தபோது ஏகனாபுரத்தார் கிளம்பினார்கள். நிலம் உடையவரின் குரல் நமக்குக் கேட்டது. அந்த நிலத்திலே நாற்று நட்ட பெண்ணின் பெயர் எந்தப் பதிவேட்டிலே இருக்கிறது? பரந்தூர் என்றதும் நம் தோழர்களிலேயே சிலர் முகம் சுளிப்பர். சுளிக்கட்டும். எந்தக் கட்சி கோட்டையில் இருந்தபோது கட்டிய பாலம் என்பதைப் பார்த்தா பசி வருகிறது?

கிளைக் கழகத் தோழர்களுக்கு ஒன்று. உங்கள் வட்டாரத்திலே அளவுக்கல் நடுகிறார்கள் என்றால், நில உடைமையாளர் பட்டியல் தாசில்தாரிடம் தானாகவே இருக்கும். இல்லாதது வேலைக்காரர் பட்டியல். ஒரு நாற்பது பக்க நோட்டு வாங்குங்கள். ஆலை, கடை, பட்டறை, களம், துறை ஒவ்வொன்றாகப் போங்கள். பெயர், எத்தனை ஆண்டு வேலை, என்ன கூலி, அறிந்த சாட்சி இருவர். கட்டடத் தொழிலாளி, கைவேலைக்காரர் எனில் நலவாரிய அட்டை இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையானால் அந்த வாரமே பதிவு செய்து கொடுங்கள். முதலாளியின் நோட்டிலே அவன் பெயர் உள்ள பக்கத்தை, அவர் ஊரிலே இருக்கும்போதே படம் எடுத்துவைத்துக்கொள்ளுங்கள். சட்டம் கேட்பது நில எடுப்புக்கு முந்திய மூன்று ஆண்டுக் கணக்கு. ஆகவே அறிவிப்பு அரசிதழில் வருமுன் அந்த நோட்டின் நகல் ஒன்று கலெக்டர் அலுவலகத்திலே, தேதி முத்திரையோடு, இருக்கவேண்டும். மனு வாங்குகிற நாள் திங்கட்கிழமை.